ராணி லாண்ட்ரோமட்

ஹூஸ்டன்
ஜனவரி 25, 2025

என் தங்கச்சி ராணிக்கு,

அக்கா எழுதுகிறேன். முழங்கால் நோவைத் தவிர எனக்கு வேறு குறை இல்லை. அத்தான் ஆஸ்பத்திரியிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு நோயாளிகளை விட்டுவிட்டு என் சமையலைப் பரிசோதிக்கிறார். நீயும் வரதரும் சுகமாக இருக்கிறீர்களா? நான்கு தடவை போன் அடித்தேன், நீ எடுக்கவில்லை. ஆகவே பழையபடி கடிதம்.

ஆகஸ்ட் 31 கலியாணத்துக்கு முன்னால், ஜூனில், உன் மகள் விதுஷாவுக்குப் பிரைடல் ஷவர் என்று ஒரு விருந்து வைக்கப் போகிறார்கள் என்று மாப்பிள்ளை மயூரன் சொன்னான். நானும் அவன் தாய் சிவகௌரியும் சேர்ந்து வருவதாக முடிவு செய்துவிட்டோம். சிவகௌரி அத்தானின் சொந்தத் தங்கைதான், ஆனாலும் அவளுக்கு எக்ஸ்ரே கண். இந்தச் சம்பந்தத்தை முன்னின்று பேசியது நான். “பெண்ணின் தகப்பன் எஞ்சினியர், இருபத்தைந்து வருடமாக ஒரே கம்பனி, வாயைத் திறந்து ஒரு பொல்லாப்புச் சொல்லாத மனிதர்” என்று நான் கொடுத்த வாக்கில்தான் அவள் சம்மதித்தாள். அதனால் எல்லாம் மரியாதையாக நடக்க வேண்டும்.

இடம் எங்கே? வரதரின் ஆபீஸில் நல்ல மண்டபம் இருக்காதா? 2011-இல் நாங்கள் நான்கு நாள் வந்து நின்றபோதும் “ஆபீஸைக் காட்டுங்கோ” என்று கேட்டேன், மனிதர் சிரித்துக்கொண்டே நழுவிவிட்டார். இந்த முறை விடமாட்டேன்.

இங்கே ஹில்குரொஃப்ட் தெருக் கடையில் சிவப்பும் பொன்னுமாக வளையல் பார்த்து வைத்திருக்கிறேன். பிள்ளையின் கையளவு எழுது. குளிரில் வெறுங்காலோடு திரியாதே.

அன்புடன்,
ஷ்யாமளா அக்கா


எடிசன், நியூஜெர்சி
பிப்ரவரி 9, 2025

என் செல்லம் விதுஷாவுக்கு,

இருமல் நின்றதா? சான் ஹோசேயில் நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? போனில் நான் தொடங்கினாலே “அம்மா, நாட் அகெய்ன்” என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தையாவது முழுக்கப் படி, உன்னைக் கும்பிட்டுக் கேட்கிறேன்.

ஷவரை அப்பாவின் கடையில் வைக்க வேண்டாம்.

பெரியம்மா வருகிறா. உன் மாமியாரையும் கூட்டிக்கொண்டு வருகிறா. அப்பா உடுப்புத் தோய்க்கும் கடை வைத்திருக்கிறார் என்பது அவர்கள் இருவருக்கும் தெரியாது. 2000-ஆம் ஆண்டு நான்தான் பெரியம்மாவுக்கு எழுதினேன், “இவருக்கு எஞ்சினியர் வேலை கிடைத்துவிட்டது” என்று. அன்றைக்கு அப்பா பேர்த் அம்போயில் ஒரு முதியவரின் லாண்ட்ரோமட்டில் மற்றவர்களுடைய உடுப்பை மடித்துக்கொண்டிருந்தார். அக்காவின் புருஷன் டொக்டர். நான் வேறு என்னத்தை எழுத? ஒரு வருடத்தில் நல்ல வேலை கிடைத்துவிடும், நான் எழுதியதும் உண்மையாகிவிடும் என்று நினைத்தேன். அப்பா என்ன செய்தார்? அந்தக் கடையையே வாங்கி, அதற்கு என் பெயரையும் வைத்தார்.

உனக்கு எங்கள் ஊர் தெரியாது. அழுக்கு உடுப்பு எடுக்க வரும் கட்டாடி, அதுதான் சலவைத் தொழிலாளி, மூட்டையோடு பின்வாசலில்தான் நிற்பார். முன்வாசலால் அவரை விட்டதில்லை. இன்றைக்கும் சனம் அதை மறக்கவில்லை. தெரிந்தால் உன் மாமியார் என்ன சொல்லுவா? பெரியம்மாவின் முகம் என்ன ஆகும்? கலியாணம் நின்றுவிட்டால் நான் உயிரோடு இருக்கமாட்டேன், பிள்ளை.

ஓக் ட்ரீ ரோட்டில் நல்ல பாங்க்வெட் ஹால் இருக்கிறது. ஒரு சொல் சொல், நான் போய்ப் பேசுகிறேன்.

உன் அம்மா


சான் ஹோசே
பிப்ரவரி 20, 2025

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சுகம். இருமல் போய்விட்டது. உங்கள் பிரஷர் மருந்தை ஒழுங்காகப் போடுங்கள். என் தமிழில் பிழை இருந்தால் அப்பாவிடம் கேளுங்கள். ட்ரையருக்கு முன்னால் உட்கார்த்தி வைத்து எனக்கு எழுதப் பழக்கினது அவர்தானே.

இடம் மாறாது. தீம் ‘லாண்டரி டே’. கடைக்குள்ளே நீளமாகக் கொடி கட்டி, நான் பிறந்தது முதல் போட்ட உடுப்புகளைத் தொங்கவிடப் போகிறோம். வருகிறவர்கள் வெள்ளைக் கைக்குட்டையில் வாழ்த்து எழுதிக் கொடியில் கிளிப் குத்த வேண்டும். கேக் வாஷிங் மெஷின் மாதிரி இருக்கும். என் ஃப்ரெண்ட் அதிதி ஆர்டர் பண்ணிவிட்டாள்.

மூன்றாம் வகுப்பில் ‘மை டாட்’ என்று படம் வரையச் சொன்னார்கள். நான் கடையை வரைந்தேன். பதினான்கு மெஷினையும் எண்ணி எண்ணி வட்டமாகப் போட்டேன். நீங்கள் அதை அழித்துவிட்டு ஒரு பாலம் வரையச் சொன்னீர்கள். எனக்குப் பாலம் வரையத் தெரியவில்லை. அழுதுகொண்டு வரைந்தேன். டீச்சர் கேட்டபோது என்ன பாலம் என்று சொல்லவும் தெரியவில்லை.

மயூரனுக்கு எல்லாம் தெரியும். முதல் நாளே சொல்லிவிட்டேன். அவன் தன் அம்மாவிடம் சொல்லவில்லை. அது உங்கள் வேலை என்று நான்தான் தடுத்தேன்.

கடையில் வைக்கலாமா என்று அப்பாவிடம் கேட்டேன். “மெய்யாவோ பிள்ளை?” என்று மூன்று தரம் கேட்டார். அடுத்த நாளே சுவருக்கு பெயிண்ட் வாங்கப் போய்விட்டார். அந்த மனிதரிடம் போய் நான் எப்படி இல்லை என்று சொல்ல?

உங்கள் மகள்,
விதுஷா


எடிசன்
மார்ச் 2, 2025

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்து ஒரு மாதம் ஆகிவிட்டது, மன்னிக்க வேண்டும். எனக்குத் தலைச்சுற்று. மற்றப்படி சுகம். உங்கள் முழங்காலுக்கு அந்த எண்ணெயைத் தடவுகிறீர்களா?

ஷவர் நடக்காது போல இருக்கிறது, அக்கா. விதுஷாவுக்கு வேலை அதிகம், லீவு தரமாட்டார்களாம். நீங்களும் சிவகௌரியும் டிக்கெட் எடுத்து அலைய வேண்டாம். கலியாணத்துக்கே நேராக வாருங்கள். இவருக்கும் ஆபீஸில் பெரிய புரொஜெக்ட்.

அத்தானைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

ராணி


ஹூஸ்டன்
மார்ச் 29, 2025

ராணிக்கு,

தலைச்சுற்று எப்படி? அத்தான் இரும்புச் சத்து மாத்திரை போடச் சொல்கிறார்.

நீ என்ன விசரியா? ஷவர் இல்லை என்று எழுதுகிறாய், நேற்று விதுஷாவிடமிருந்து இன்விடேஷன் வந்து நிற்கிறது! எனக்கும் ஒன்று, சிவகௌரிக்கும் ஒன்று. ஜூன் 14, சனிக்கிழமை. பிள்ளை உனக்குச் சர்ப்ரைஸ் கொடுக்கப் பார்க்கிறாளோ என்னவோ, நான் இப்போது போட்டு உடைத்துவிட்டேன்.

இடத்தைப் பார்த்தாயா? ஒரு லாண்ட்ரோமட்! எனக்கு முதலில் தலை சுற்றியது. பிறகு சிவகௌரிதான் விளக்கினாள். “இப்பத்தைப் பிள்ளையள் இப்பிடித்தான் மச்சாள். குதிரை லாயத்திலை கலியாணம் வைக்குதுகள், தீயணைப்பு ஸ்டேஷனிலை பேர்த்டே வைக்குதுகள். இது லாண்டரி தீம்” என்றாள். கடையை ஒருநாளைக்கு வாடகைக்கு எடுத்திருப்பார்களாம். கடையின் பெயரைப் பார்த்துத்தான் நாங்கள் இருவரும் விழுந்து விழுந்து சிரித்தோம். ராணி லாண்ட்ரோமட்! தேடித் தேடி எடுத்திருக்கிறாள் கெட்டிக்காரி.

டிக்கெட் எடுத்தாகிவிட்டது. விருந்து முடிந்ததும் வரதரின் ஆபீஸ், மறக்காதே.

அக்கா


எடிசன்
ஏப்ரல் 3, 2025

அன்புள்ள அக்காவுக்கு,

மாத்திரை போடுகிறேன், இப்போது பரவாயில்லை. நீங்கள் எல்லோரும் சுகம் என்று அறிந்து சந்தோஷம்.

ஓம் அக்கா, விதுஷா என்னிடமும் மறைத்துவிட்டாள். நீங்கள் சொன்ன மாதிரி, வாடகைக்கு எடுத்த இடம்தான். பெயர் தற்செயலாகப் பொருந்தியது. இந்தக் காலத்துப் பிள்ளைகளை என்ன செய்வது? இவரும் விருந்தாளியாக வந்து சிரித்துவிட்டுப் போவார். ஆபீஸுக்குச் சனிக்கிழமையில் வெளியாட்களை விடமாட்டார்களாம், அதை மட்டும் கேட்க வேண்டாம்.

ராணி


சான் ஹோசே
ஏப்ரல் 20, 2025

அம்மா,

நான் சுகமாக இல்லை. நீங்கள் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்கவும் மனம் வரவில்லை.

நேற்று அப்பாவுக்குப் போன் பண்ணினேன். கொடி எங்கே கட்டலாம் என்று கேட்டேன். “அம்மா என்னைச் சூட் போட்டுக்கொண்டு மற்ற ஆக்களோடை வரச் சொன்னவ. கடை ஆருடையது எண்டு கேட்டா தெரியாது எண்டு சொல்லட்டாம்” என்றார். நான் கத்தினேன். “பரவாயில்லை பிள்ளை, ஒரு நாள்தானே” என்றார். அவருடைய கடை, அம்மா. ஒவ்வொரு மெஷினையும் அவர் கழற்றிப் பூட்டியிருக்கிறார்.

அப்பா பெயிண்ட் அடித்த சுவருக்கு முன்னால் அவரையே விருந்தாளியாக நிறுத்திவிட்டு என்னால் கேக் வெட்ட முடியாது. நீங்களே பெரியம்மாவுக்கும் ஆன்ட்டிக்கும் உண்மையைச் சொல்லுங்கள். நான் சொல்லமாட்டேன், மயூரனும் சொல்லமாட்டான். நீங்கள் சொல்லாவிட்டால் ஷவர் இல்லை, ஆகஸ்டில் கலியாண ஹாலும் இல்லை. நானும் மயூரனும் சிட்டி ஹாலில் பதிவுக் கலியாணத்துக்குக் கையெழுத்துப் போடுவோம். அப்பாவை மட்டும் கூப்பிடுவேன்.

விதுஷா


எடிசன்
ஏப்ரல் 27, 2025

அக்கா,

உங்கள் நலம் கேட்கவும் இன்று எனக்குத் தகுதி இல்லை. ஐந்து தரம் எழுதிக் கிழித்துவிட்டேன்.

ராணி லாண்ட்ரோமட் எங்களுடைய கடை. இவர் எஞ்சினியர் இல்லை. அமெரிக்காவில் ஒருநாளும் எஞ்சினியராக இருந்ததில்லை. ஊரில் நீர்ப்பாசனத் திணைக்களத்தில் வரைபடம் கீறும் வேலைதான் பார்த்தார், அதையும் நான்தான் பெருக்கிச் சொன்னேன். இந்த இருபத்தைந்து வருடமும் அந்தக் கடையில்தான் நிற்கிறார். அதில்தான் வீடு வந்தது, விதுஷா படித்தாள்.

2011-இல் நீங்கள் வந்தபோது நான் அவருக்கு டை வாங்கிக் கொடுத்தேன். நான்கு நாளும் காலை ஏழு மணிக்கு டை கட்டி, வெறும் லாப்டாப் பையைத் தூக்கிக்கொண்டு உங்கள் முன்னால் வெளிக்கிட்டுப் போனார். கடையில் போய் டையைக் கழற்றிவிட்டு வேலை செய்தார். பின்னேரம் மறுபடி கட்டிக்கொண்டு வந்தார். கையில் சோப் வாசம் வரும் என்று வாசலிலேயே எலுமிச்சங்காய் கொடுத்துத் தேய்க்கச் சொன்னேன். தேய்த்தார். ஒரு வார்த்தை என்னை ஏசவில்லை.

பொய்யைச் சொன்னது நான். அதைச் சிவகௌரிக்குச் சொன்னது உங்கள் வாய். என்னை அடியுங்கள், உதையுங்கள், அக்கா. பிள்ளையின் கலியாணத்தை மட்டும் காப்பாற்றித் தாருங்கள். சிவகௌரியிடம் நான் சொல்லவா, நீங்கள் சொல்கிறீர்களா? எனக்கு ஒன்றும் விளங்கவில்லை.

ராணி


எடிசன்
மே 10, 2025

அக்கா,

கடிதம் கிடைத்ததா? தபால் பெட்டியைத் திறந்து திறந்து அதன் மூடி கழன்றுவிட்டது. கோபமென்றால் கோபத்தை எழுதுங்கள்.

ராணி


எடிசன்
மே 21, 2025

அக்கா,

மூன்று தரம் போன் அடித்தேன். அத்தான் எடுத்து “ஷ்யாமளா படுத்திருக்கிறா” என்றார், மூன்று தரமும். உங்களுக்குச் சுகமில்லையா, என்னோடு பேச விருப்பமில்லையா? ஒரு வரி போதும். ‘தூ’ என்று எழுதினாலும் போதும். உங்களுக்கு உண்மையை எழுதிவிட்டேன் என்று விதுஷாவிடம் சொன்னேன். அவள் “தாங்க் யூ அம்மா” என்று அழுதாள். ஷவருக்கு இன்னும் இருபத்து நான்கு நாள் இருக்கிறது.

ராணி


ஹூஸ்டன்
மே 30, 2025

ராணிக்கு,

உடம்புக்கு ஒன்றுமில்லை. படுத்துத்தான் இருந்தேன்.

உண்மையைச் சொல்கிறேன். முதல் வாரம் எனக்கு வந்தது வெட்கம். ‘உடுப்புத் தோய்க்கிற கடை, சிவகௌரிக்கு முன்னால் எப்படி நிற்பேன்’ என்றுதான் நினைத்தேன். நானும் நீ பிறந்த வீட்டில் பிறந்தவள்தானே. பிறகு உன் கடிதத்தை எடுத்து மறுபடி படித்தேன். எலுமிச்சங்காய் என்று எழுதிய இடத்துக்கு மேலே என்னால் போக முடியவில்லை.

அந்த நான்கு நாளும் சாப்பாட்டு மேசையில் நான் அவரிடம் “இண்டைக்கு என்ன வேலை வரதர்?” என்று கேட்டேன். “தண்ணி போற குழாய் வேலை அக்கா” என்றார். நான் அத்தானிடம் சாடையாகச் சிரித்தேன், இவ்வளவுதானா எஞ்சினியர் என்று. அந்த மனிதர் என்னிடம் பொய் சொல்லாமல் இருக்க எவ்வளவு பாடுபட்டிருக்கிறார்! உன் பொய்யை நான் மன்னிப்பேன், ராணி. ஆனால் கட்டாடியைப் பின்வாசலில் நிறுத்திய நம் வீட்டுப் புத்தியோடு நீ அமெரிக்காவுக்கு வந்து, உன் புருஷனைக் கொண்டுபோய் அதே பின்வாசலில் நிறுத்தியிருக்கிறாய். அதை மன்னிக்க நான் யார்?

செவ்வாய்க்கிழமை சிவகௌரி வீட்டுக்குப் போய் நேரே சொன்னேன். அவள் தேநீரைக் கீழே வைத்தாள். “உங்கடை சொல்லை நம்பித்தானே மச்சாள் நான் ஓமெண்டனான்” என்றாள். அதற்குப் பிறகு அவள் என்னோடு பேசவில்லை. டிக்கெட்டை ரத்துச் செய்தாளா என்றும் தெரியாது. நான் வருகிறேன். அவளுக்கு நான் பொறுப்பில்லை.

வரதரிடம் சொல், சூட் வேண்டாம்.

அக்கா


எடிசன்
ஜூன் 16, 2025

அன்புள்ள அக்காவுக்கு,

சுகமாகப் போய்ச் சேர்ந்தீர்களா? விமானத்தில் முழங்காலை நீட்ட இடம் இருந்ததா? நாங்கள் இருவரும் சுகம். வாய் விட்டுச் சொல்ல முடியாததால் எழுதுகிறேன்.

சிவகௌரி வாசலில் வந்து நின்றபோது என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தது நீங்கள்தானே. அவ பதினான்கு மெஷினையும் ஒவ்வொன்றாகப் பார்த்தா. கொடியில் தொங்கிய விதுஷாவின் சின்னச் சட்டைகளைத் தொட்டுப் பார்த்தா. பிறகு நேரே இவரிடம் போனா. இவர் கடையில் கட்டும் நீல ஏப்ரனோடு, கேக் வைத்த மேசையை ஆடாமல் இருக்கக் கடதாசி மடித்து முட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

“சம்பந்தி, எனக்கு ஆரார் என்னென்னவோ சொல்லிச்சினம். நீங்களே சொல்லுங்கோ. நீங்கள் என்ன வேலை செய்யிறியள்?” என்று எல்லோருக்கும் கேட்கக் கேட்டா. குரலில் கோபம் இல்லை. அவர் தன் வாயால் நிமிர்ந்து சொல்லட்டும் என்றுதான் கேட்டா, அது எனக்கு விளங்கியது. விதுஷா மயூரனின் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

இவர் கையை ஏப்ரனில் துடைத்தார். என்னைப் பார்த்தார். பார்த்துவிட்டு, “எஞ்சினியர்” என்றார்.

கடை முழுக்கச் சிரித்தது. சிவகௌரி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தா. நீங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “பின்னை என்ன, இத்தனை மெஷினுக்கும் நீங்கள்தானே வரதர் எஞ்சினியர்!” என்றீர்கள். விதுஷா ஓடிப்போய் அவரைக் கட்டிப்பிடித்தாள். சிவகௌரி கைக்குட்டையில் ‘எங்கள் எஞ்சினியருக்கு’ என்று எழுதிக் கொடியில் குத்தினா. எல்லாம் நன்றாக முடிந்தது என்று நீங்கள் ஹூஸ்டனுக்குப் போய்விட்டீர்கள். நானும் உங்களோடு சேர்ந்து சிரித்தேன்.

அது பகிடி இல்லை, அக்கா. அவருக்குப் பகிடி விடத் தெரியாது. அந்த முகத்தை எனக்குத் தெரியும். டை கட்டிய அந்த நான்கு நாளும் அதே முகம்தான்.

பின்னேரம் வீட்டுக்கு வரும் வழியில் காரில் கேட்டேன். “ஏன் அப்பிடிச் சொன்னனீங்கள்? இப்ப எல்லாருக்கும் தெரியும்தானே. நான் சொல்லிப்போட்டன் எண்டு உங்களுக்கும் தெரியும்தானே.”

இரண்டு சிக்னல் தாண்டினோம். பிறகு ரோட்டைப் பார்த்தபடியே சொன்னார்.

“தெரியும். சொல்லத்தான் வாயைத் திறந்தனான். நீர் பக்கத்திலை நிண்டீர். நீர் பக்கத்திலை நிண்டா எனக்கு அதுதான் வருது.”

ராணி